பவி அறைக்கு நான் அனுப்பிய கடல்

1

நேற்று எங்கள் கடைக்கு ஓர் அம்மா பிரித்துவிட்ட வால்பேப்பர் சுருளைத் திருப்பிக் கொடுக்க வந்தார். குழந்தைகள் அறைச் சுவரில் ஒட்டுவது. நீலக் கடல், நடுவில் ஒரு திமிங்கலம். பிரித்ததை வாங்க மாட்டோம் என்றாள் கவுண்டர் பெண். "என் மகன் அழுகிறான், இந்தத் திமிங்கலம் சிரிக்க மாட்டேன் என்கிறது" என்றார் அந்த அம்மா.

வேறு சமயமாக இருந்தால், திமிங்கலத்துக்குப் பல் வலி என்று எதையாவது சொல்லி அந்த அம்மாவை ஒரு வழி பண்ணியிருப்பேன். நேற்று டிராலியைப் பிடித்துக்கொண்டு சும்மா நின்றேன். இதே திமிங்கலத்தை மூன்று மாதத்துக்கு முன் நான் ஊருக்கு அனுப்பியிருந்தேன். அன்றிலிருந்து எனக்குக் கால் ஓரிடத்தில் நிற்பதில்லை. எழுதினால் நிற்குமா என்று பார்க்கிறேன்.

நான் பண்டசோழநல்லூர்க்காரன். ஒன்பதாம் வகுப்பை இரண்டு முறை படித்தும் அது என்னைப் பாஸ் பண்ணவில்லை. ஜெனியைக் கட்டிக்கொண்டு பாரிசுக்கு வெளியே இருக்கும் இந்த ஊருக்கு வந்து ஆறு வருஷம் ஆகிறது. ஜெனி வீட்டார் வில்லியனூர். அவள் தாத்தா பிரெஞ்சுப் பட்டாளத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக, இருந்தவர். அந்தப் புண்ணியத்தில் குடும்பமே இங்கே இருக்கிறது. நான் அவர்கள் சாமானோடு வந்து சேர்ந்த ஒரு சாமான்.

வேலை, வீட்டுச் சாமான் விற்கும் பெரிய கடையின் குடோனில். போன வருஷம் குழந்தைகள் அறைப் பிரிவுக்கு மாற்றினார்கள். அங்கே மாதிரி அறைகள் வரிசையாக இருக்கும். கட்டிலுக்கு வூடு மாதிரி கூரை. மேகம் மாதிரி விளக்கு. மூலையில் ஒரு துணிக் கூடாரம். வூட்டுக்குள் அறை, அறைக்குள் வூடு, அதற்குள் கூடாரம். பிள்ளை எங்கேதான் இருக்கும் என்று கேட்டேன். என் மேலாளர் சிரிக்கவில்லை. "கற்பனையில்" என்றார்.

சுவரில் பஞ்சு அடைத்த மான் தலைகள் வேறு. மீதி மான் எங்கே என்று ஒரு குட்டிப் பெண் தினமும் சுவருக்குப் பின்னால் போய்த் தேடுவாள். எனக்கு அந்தக் கடையில் பிடித்த ஒரே வாடிக்கையாளர் அவள்தான்.

2

செல்வி அக்கா என்னைவிட நாலு வயசு பெரியவள். அம்மா சீக்கிரம் போய்விட்டதால், பள்ளிக்கூடத்தில் எனக்காகப் பொய் சொல்லும் வேலையை அவள்தான் பார்த்தாள். பிறகு தவளக்குப்பம் ஜங்ஷனில் ஒரு துணிக்கடையில் சேர்ந்தாள். பனித்திட்டிலிருந்து அன்பு மாமா அங்கே வேட்டி வாங்க வந்தார். ஒரே மாதத்தில் ஐந்து வேட்டி வாங்கினார். வாழ்க்கையில் வேட்டியே கட்டாத மனிதர்.

மாமா மீன் பிடிக்கிறவர். நாங்கள் நெல்லும் கரும்பும் போடுகிறவர்கள். "கழனிக்காரன் வூட்டுப் பொண்ணு மீன் கூடை தூக்கறதா?" என்றார் அப்பா. அக்கா மீன் கூடை தூக்கவில்லை, மாமாவும் தூக்கச் சொல்லவில்லை. அது அப்பாவுக்கு முக்கியமில்லை. அன்றோடு அவளோடு பேச்சை நிறுத்தினார். ஏழு வருஷம் ஓடிவிட்டது.

இதில் நான் சொல்ல வேண்டிய ஒன்று இருக்கிறது. ஜெனியும் வேறு சாதிதான், வேறு சாமியும்தான். ஆனால் பிரான்சு என்ற சொல் காதில் விழுந்ததும் அப்பாவுக்கு எல்லாம் மறந்துவிட்டது. மாலையும் கழுத்துமாக எனக்குப் பக்கத்தில் நின்று சிரித்தார். அந்த போட்டோவில் அக்கா இல்லை. அன்றைக்கு நான் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். விசா கிடைக்கிற நேரத்தில் எவன் வாயைத் திறப்பான்?

அக்காவுக்கு ஒரே மகள் பவி. ஒற்றைப்படை வயசில் காது குத்த வேண்டும், தாய்மாமன் மடியில் உட்கார வைத்துக் குத்த வேண்டும். ஒரு வயசில் தள்ளிப்போட்டாள், நான் வரவில்லை. மூன்றில் தள்ளினாள், அப்போதும் வரவில்லை. இப்போது ஐந்து. தெருவில் யாராவது ஒரு பையனைத் தம்பி முறை சொல்லி உட்கார வைத்துக் குத்திவிடலாம், நிறைய பேர் செய்கிறார்கள். அக்கா மாட்டேன் என்றாள்.

"பொறந்த வூட்டுலேருந்து உனக்கு ஒரு மடி கூடவா இல்லனு கேக்கறாளுங்கடா கதிரு. சீரு கேக்கல, செயினு கேக்கல. ஒரு மடி."

"வரேங்க்கா. கார்டு வந்ததும் வரேன்."

"இன்னா கார்டுடா அது? ரேஷன் கார்டு கூட இந்நேரம் வந்திருக்கும்."

பவி போனைப் பிடுங்கினாள். அவளுக்கு நான் போன் மாமா. ஊரில் மற்றவர்களுக்கு மாமா வாசல் வழியாக வருவார், இவளுக்கு போன் வழியாக.

"போன் மாமா, மாடில எனக்கு ரூம் கட்டிட்டாங்க. செவுத்துல எதுனா வேணும். வீடியோல வர்ற பொண்ணு ரூம்ல இருக்கற மாதிரி."

"இன்னா வேணும்? ஆனையா, பூனையா, உங்கம்மா மூஞ்சியா?"

"அம்மா மூஞ்சி கீழயே இருக்குது" என்றாள். ஐந்து வயசுக்கு இந்த வாய் எங்கிருந்து வந்தது என்று அக்கா என்னைத்தான் திட்டினாள்.

3

இந்த நாட்டில் தங்குவதற்கான என் கார்டு முடிந்து, புதுசுக்கு எழுதிப்போட்டு எட்டு மாதம். கையில் ஒரு தாள் கொடுத்திருக்கிறார்கள். அந்தத் தாளோடு ஊருக்குப் போனால் திரும்பி வர முடியுமா என்று கேட்க, கார்டு கொடுக்கும் அரசாங்க ஆபீசான பிரிபெக்சருக்குப் போனேன். வரிசையில் நின்று முதல் ஜன்னலில் கேட்டால் முடியும் என்றார்கள். சந்தேகத்துக்கு இரண்டாம் ஜன்னலில் கேட்டேன், சொல்ல முடியாது என்றார்கள். மூன்றாம் ஜன்னலில் ஆளே இல்லை. அதுதான் மூன்றில் நேர்மையான ஜன்னல்.

இரண்டாம் ஜன்னலில் இருந்தவர் என் அப்பா வயசுக்காரர். அவசரத்தில் அவரை நான் குடோனில் கூட்டாளியைக் கேட்பதுபோல, "எப்போ குடுப்பே நீ?" என்று கேட்டுவிட்டேன். பிரெஞ்சில் அதற்கென்று ஒரு மரியாதை உண்டு, அது எனக்கு அவசரத்தில் வராது. ஜெனி காலை மிதித்தாள். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, தபாலில் தகவல் வரும் என்று ரொம்ப மரியாதையாகச் சொன்னார். அவ்வளவு மரியாதை வந்தால் வேலை நடக்காது என்று அர்த்தம்.

"நீ வாயைத் திறக்காம இருந்தா இந்நேரம் கார்டு வந்திருக்கும்" என்றாள் ஜெனி.

"வாயைத் திறக்காம இருந்தா நீயே கிடைச்சிருக்க மாட்ட."



போனால் வேலை போகும், திரும்ப முடியாமல் போகலாம். போகாவிட்டால் பவிக்கு ஐந்து முடிந்துவிடும். ஒரு மடியைத் தபாலில் அனுப்ப முடியாது. அதனால் அறைக்குச் சாமான் அனுப்ப முடிவு செய்தேன்.

4

ஒரு வாரம் வேலை நேரத்தில் வேலை செய்யாமல் பவிக்குத் தேடினேன். இங்கே பிள்ளைகள் அறைக்குச் சாம்பல் நிறம்தான் இப்போது பிடித்த நிறம். பூசாத சிமெண்டுச் சுவர் அக்காவிடம் ஏற்கெனவே சாம்பலாகத்தான் இருந்தது. மான் தலை வேண்டாம். ஆந்தை போட்ட தலையணை, ஆந்தை விளக்கு, ஆந்தை கடிகாரம் எல்லாம் கொள்ளை அழகு. ஆனால் ஆந்தையை வூட்டுக்குள் அனுப்பினால் தெருவே திட்டும். அந்த அளவுக்கு நான் ஊரை மறக்கவில்லை என்று என்னையே தட்டிக்கொடுத்துக்கொண்டேன்.

பிறகுதான் அந்தச் சுருள் கண்ணில் பட்டது. மூன்று பட்டையாக ஒட்டினால் ஒரு முழுச் சுவர். தரையிலிருந்து நீலமாக ஓர் அலை எழும்பி, உத்தரம் வரைக்கும் போய் வெள்ளையாக வளையும். அதற்குள் ஒரு திமிங்கலம். அலையின் உச்சியில் ஒரு சின்னப் படகு. மீன்பிடிக்கிறவர் மகள் அறைக்கு இதைவிட என்ன வேண்டும்? நான் இவ்வளவு பொருத்தமாக எதையும் யோசித்ததில்லை. ஜெனிக்கே பிடித்தது.

வில்லியனூருக்கு லீவில் போன ஒருவர் பெட்டியில் இடம் கேட்டு அனுப்பினேன். இருட்டில் மினுங்கும் நட்சத்திர ஸ்டிக்கரும், கதவில் மாட்ட ஒரு மரப் பறவையும் கூட வைத்தேன். மாமா அப்போது கடலூர்த் துறைமுகத்திலிருந்து லாஞ்சில் தங்கல் போயிருந்தார். தங்கல் என்றால் கரைக்குத் திரும்பாமல் நாலைந்து நாள் கடலிலேயே இருந்து மீன் பிடிப்பது. அவர் வருவதற்குள் முடித்து அசத்த வேண்டும் என்று அக்கா தவளக்குப்பத்திலிருந்து பெயின்டரைக் கூட்டிவந்து, பட்டி பார்த்து, ஒட்டிவிட்டாள்.

போட்டோ வந்தது. பவி சுவருக்கு முன்னால் இரண்டு கையையும் விரித்து நிற்கிறாள். அலை அவளைவிட மூன்று மடங்கு உயரம். அதைக் குடோனில் எல்லாருக்கும் காட்டினேன். அழகு, அழகு என்றார்கள். அன்று முழுக்க நான் விசில் அடித்துக்கொண்டிருந்தேன்.

5

மூன்றாம் நாள் அக்கா கூப்பிட்டாள்.

"இன்னாடா அனுப்பி வெச்சே?"

"ஏன், மீன் புடிக்கறவர் வூட்டுக்குக் கடல் அனுப்பாம கழனியா அனுப்புவாங்க? மாமா இன்னா சொன்னாரு? வலையை எடுத்துக்கினு மாடிக்குப் போய்ட்டாரா?"

அவள் சிரிக்கவில்லை.

"வந்தாரு. புள்ள கையைப் புடிச்சு மேல இட்டுக்கினு போச்சு. போன வேகத்துல எறங்கி வந்துட்டாரு. புள்ள பாயைச் சுருட்டிக் கீழ போட்டாரு. கதவைச் சாத்திட்டாரு. ரெண்டு நாளா ஒரு வார்த்தை பேசலடா."

"ஏன், புடிக்கலயா?"

"அவருக்கு ஒரு தங்கச்சி இருந்துச்சு கதிரு. சுனாமில போச்சு. அஞ்சு வயசு. இவரு கைய உட்டுத்தான் போச்சு."

 

"உனக்குத் தெரிஞ்சிருந்தா ஏன் ஒட்டின?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

"தங்கச்சி தவறிப்போச்சுன்னு மட்டுந்தான் எனக்குத் தெரியும். காய்ச்சலோ இன்னாவோன்னு நெனச்சேன். அந்தப் பேச்சு எடுத்தா எழுந்து போய்டுவாரு, நானும் வுட்டுட்டேன். நேத்து பக்கத்து வூட்டு அக்கா சொல்லித்தான் தெரியும். இந்த ஊர்ல எல்லாருக்கும் தெரிஞ்சிருக்கு. எனக்குச் சொல்ல யாரு இருந்தா? பொண்ணு குடுக்கற வூட்டுல போய் விசாரிப்பாங்க, எவ்ளோ பேரு, யாரு இருக்காங்க, யாரு இல்ல. நமக்காக யாருடா விசாரிச்சாங்க?"

சுனாமி வந்தபோது எனக்கு ஏழு வயசு. கடல் எங்கள் ஊரிலிருந்து ரொம்பத் தூரம் ஒன்றும் இல்லை. அன்றைக்கு அப்பா என்னை சைக்கிள் பாரில் உட்கார வைத்துக் கடலைப் பார்க்கக் கூட்டிப்போனார். வேடிக்கை பார்க்கத்தான். வழியிலேயே போலீஸ் திருப்பிவிட்டது. ஒன்றும் பார்க்கவில்லையே என்று வீடு வரைக்கும் நான் அழுதேன். அதே நேரத்தில் பனித்திட்டில் ஒரு பையன் என்ன தேடிக்கொண்டிருந்தான் என்று இத்தனை வருஷத்தில் ஒருநாள்கூட நான் நினைத்ததில்லை. ஆந்தை வேண்டாம் என்று தெரிந்த எனக்கு இது தெரியவில்லை.

மறுநாள் மாமாவையே கூப்பிட்டேன். நான்கு முறை அடித்து ஐந்தாவதில் எடுத்தார்.

"மாமா, தெரியாமப் பண்ணிட்டேன். கிழிச்சுப் போட்டுடு மாமா."

"நீ வேணும்னு அனுப்பலன்னு தெரியும் மச்சான்."

"கிழிச்சுடு."

"நான் அதைத் தொட மாட்டேன். அவளையும் தொடக் கூடாதுன்னுட்டேன். ஏழு வருஷமா உங்க வூட்லேருந்து ஒரு ஆளு இந்த வாசப்படி மிதிக்கல. மொத மொத வந்தது இதுதான். அனுப்பினது உங்க வூடு. உங்க வூட்லேருந்து யாருனா வந்து எடுக்கட்டும். அது வரைக்கும் எம் பொண்ணு கீழதான் தூங்கும்."

கோபமாகச் சொல்லியிருந்தால் நான் எதாவது பேசிச் சமாளித்திருப்பேன். மீன் விலை சொல்வதுபோலச் சொன்னார்.

6

இரண்டு நாள் டிக்கெட் பார்த்தேன், தாளைப் பார்த்தேன், மறுபடி டிக்கெட். ஜெனி, "நீ போறதுன்னா போ, ஆனா நடந்து நடந்து தரையைத் தேய்க்காதே, கீழ் வீட்டுக்காரி சுவரைத் தட்டுறா" என்றாள். மூன்றாம் நாள் அப்பாவுக்குப் போன் போட்டேன். அக்கா பேச்சை எடுத்தால் அவர் போனைக் கீழே வைத்துவிட்டு மாட்டுக்குத் தண்ணி காட்டப் போய்விடுவார். அதனால் மூச்சு விடாமல் எல்லாவற்றையும் சொல்லி முடித்தேன். வால்பேப்பர், அலை, அந்தத் தங்கச்சி, மூடிய கதவு.

போன் கீழே வைக்கப்படவில்லை.

"அந்தப் புள்ளைக்கு எத்தினி வயசுன்னே?"

"அஞ்சு."

"நம்ம போனமே, சைக்கிள்ல. அன்னிக்கா?"

"அன்னிக்குத்தான்."

மாடு கத்துவது கேட்டது. அப்பா போகவில்லை.

"எதுல ஒட்டிக்கீறாங்க? பசையா, கம்மா?"

"பசைதான்."

"வெந்நி ஊத்தி ஊறவுட்டா வந்துடும்." பிறகு குரலை உயர்த்தினார். "நான் ஒண்ணும் சம்பந்தி ஒறவு கொண்டாடப் போவல. நீ பண்ணத் தப்பை எடுக்கப் போறேன். புரியுதா? வேலை முடிஞ்சதும் வந்துடுவேன்."

"சரி. நான் இன்னா உன்னைத் தட்டு வரிசையோடவா போகச் சொன்னேன்?"

"வாய மூடுடா."

7

அடுத்து நடந்ததை அக்கா எனக்கு மூன்று முறை சொன்னாள், மூன்று முறையும் அழுதாள்.

அப்பா பாகூர் தாண்டி பைக்கில் போயிருக்கிறார். கையில் ஒரு பிளாஸ்டிக் வாளி, அதில் ஒரு கொத்துக்கரண்டி, ஒரு கோணித் துண்டு. வழி கேட்டு வாசலில் வந்து நின்றவர், ஏழு வருஷத்துக்குப் பிறகு மகளிடம் சொன்ன முதல் வார்த்தை, "வெந்நி வை."

அவள் வைத்தாள். மாமா கூடத்தில் உட்கார்ந்திருந்தார். எழுந்து நின்றார், வாங்க என்று சொன்னார். அப்பா தலையை ஆட்டிவிட்டு மாடியேறிப் போய்விட்டார். மேலே தண்ணீர் ஊற்றும் சத்தம், சுரண்டும் சத்தம். ஒரு மணி நேரம் மாமா படிக்கட்டின் கீழேயே நின்றாராம். பிறகு உச்சி எட்டாமல் அப்பா ஏறி நின்ற நாற்காலி கிறீச்சிடுவது கேட்டு, பக்கத்து வீட்டு ஏணியை வாங்கி, தோளில் போட்டுக்கொண்டு மேலே போனார். அலை ஒட்டிய பிறகு அந்த அறைக்குள் அவர் இரண்டாம் முறையாகப் போனது அப்போதுதான். அப்பா ஏறிச் சுரண்ட, மாமா ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்றார், சுவரைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்த்தபடி. ஒருவரோடு ஒருவர் பேசவில்லை.

பேசினது பவி. திமிங்கலத்துக்குப் பக்கத்தில் கொத்துக்கரண்டி வந்ததும் கத்த ஆரம்பித்தாள்.

"தாத்தா, அதை வுட்டுடு! அது இன்னும் தூங்கவே இல்ல!"

அப்பா கரண்டியை நிறுத்திவிட்டு மாமாவைப் பார்த்தார். மாமா அப்போதுதான் சுவர் பக்கம் திரும்பினாராம். அலை எல்லாம் தரையில் ஈரக் காகிதமாகக் கிடந்தது. அவர் வெகுநேரம் பார்த்தார்.

"மீனு இருக்கட்டும்" என்றார். "மீனு இன்னா பண்ணுச்சு."

அப்பா பாக்கெட்டிலிருந்து பிளேடை எடுத்துத் திமிங்கலத்தைச் சுற்றி வெட்டி மற்றதை உரித்தார். இப்போது அந்த அறையில் தண்ணீரே இல்லை. பட்டி பார்த்த வெள்ளைச் சுவரில் ஒரு திமிங்கலம் மட்டும், யாருக்கோ காத்திருப்பதுபோல. எங்கள் கடையில் அதை யாரும் வாங்க மாட்டார்கள்.

"சாப்ட்டாரா?" என்று கேட்டேன்.

"கை கழுவிக்கினு கெளம்பறேன்னாரு. இவருதான், வேலைக்கு வந்தவங்களைச் சாப்பிடாம அனுப்பறது எங்க பழக்கம் இல்லன்னாரு. மீன் கொழம்பு. ரெண்டு தபா போட்டுக்கினாருடா."

சாப்பிடும்போது பவி எதிரில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்திருக்கிறாள். உனக்கு ஏன் இன்னும் காது குத்தல என்று அப்பா கேட்டிருக்கிறார். போன் மாமா மடி வேணும் என்றிருக்கிறாள்.

"போன்ல ஏது மடி?" என்றாராம் அப்பா.

அதைச் சொல்லிவிட்டு அக்கா குரலை இறக்கினாள். எனக்குத் தெரிந்துவிட்டது.

"கதிரு, அடுத்த மாசத்தோட அஞ்சு முடியுது. அப்பா மடியில ஒக்கார வெச்சுக்கலாமாடா? அது உன் எடம். நீ சரின்னு சொன்னாத்தான். நீ வரேன்னு சொல்லு, இன்னும் ரெண்டு வருஷம் ஆனாலும் ஏழுல குத்தறேன். ஊரு சிரிச்சா சிரிக்கட்டும்."

ஐந்து வருஷமாக எனக்காக வைத்திருந்த இடம். அதை அப்பா ஒரு வாளி வெந்நீரோடு போய் எடுத்துக்கொண்டார். எனக்குக் கொஞ்சம் எரிச்சல்தான், பொய் சொல்ல மாட்டேன். மேசையில் அந்தத் தாள் கிடந்தது. ஏழு வயசுக்குள் கார்டு வரும் என்று எந்த ஜன்னலும் சொல்லவில்லை.

"அவரு மடி கட்டாந்தரைக்கா. அடியில ஒரு துண்டை மடிச்சுப் போட்டு ஒக்கார வை" என்றேன்.

அவள் அழுதுகொண்டே சிரித்தாள். நான் போனை வைத்துவிட்டு மூன்று பஸ் நிறுத்தம் நடந்துபோய், எதற்கு வந்தேன் என்று தெரியாமல் திரும்பி வந்தேன்.

8

போன வாரம் காது குத்தினார்கள். அங்கே காலை பத்து மணி, இங்கே ஆறரை. நான் ஆறு மணி ஷிப்டில் இருந்தேன். மேலாளர் வருவதற்கு முன் குடோனில் பெட்டிகளுக்கு நடுவே போய், ஒரு கார்ட்டன் மேல் ஏறி உட்கார்ந்து, எதிரே இருந்த பெட்டியில் போனைச் சாய்த்து வைத்தேன். அந்தப் பக்கம் மாமா போனைப் பிடித்திருந்தார்.

பவியின் மொட்டைத் தலையில் சந்தனம். அப்பா இஸ்திரி போட்ட சட்டையில் இருந்தார். அவர் மடியில் பவி, அடியில் நிஜமாகவே மடித்த துண்டு. ஆசாரி ஊசியை எடுத்ததும் பவி நிமிர்ந்து போனைப் பார்த்து, "மாமா, வலிக்குமா?" என்றாள்.

"எறும்பு கடிக்கற மாதிரி. பெரிய எறும்பு."

"எவ்ளோ பெருசு?"

சொல்வதற்குள் ஊசி ஏறியது. அவள் அலறிய அலறலில் குடோன் எதிரொலித்தது. அப்பா அவள் தலையைத் தன் நெஞ்சோடு அழுத்திப் பிடித்து, அடுத்த காதைத் திருப்பிக் காட்டினார். அக்கா வாயில் சர்க்கரை வைத்தாள். யாரோ சிரித்தார்கள். மாமா அழுகிறாரா என்று தெரியவில்லை, போன் உத்தரத்தைக் காட்டிக்கொண்டிருந்தது.

பின்னால் டிராலி சத்தம் கேட்டது. என்னோடு வேலை செய்கிற பையன் வந்து நின்று, என்னைப் பார்த்து, "நீ என்ன பிடிச்சிட்டு உட்கார்ந்திருக்கே?" என்று கேட்டான்.

குனிந்து பார்த்தேன். நான் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தேன். இரண்டு கையும் முன்னால் வளைந்து, ஒன்றை ஒன்று பிடித்திருந்தன, நடுவில் ஒரு பிள்ளை உட்காரும் அளவுக்கு இடம் விட்டு. எதாவது சொல்லி அவனைச் சிரிக்க வைத்திருக்கலாம். பவி அழுது முடிக்கட்டும் என்று நான் கையை எடுக்காமல் அப்படியே இருந்தேன்.